எடைவாங்கிப் பொறியும் மூன்றாம் குரலும்

மந்திரம் என்ற ஒட்டகக்காரன் ஏழுகடைப் பட்டணத்துக் கடைத்தெருவில் ஒரு ஜோடி செருப்பை வைத்தான். அறுந்த வார் சிவப்பு நூலால் தைக்கப்பட்டிருந்தது. தைத்தவள் வெயிலுகந்தாள். போட்டுக்கொண்டு போனவன் அவள் அண்ணன் கொம்பையா.

“எங்க கெடந்துச்சு?”

“நடக்கும் மணல்ல, குகை வாசல்ல. மூணு வருசமா மூடிக் கெடந்த மேடு நகந்துட்டு தாயி. கோயிலுக்குள்ள போறவன் கழட்டி வைப்பாம்லா, அப்படி ஜோடியா இருந்துச்சு.”

மூன்று வருடத்துக்கு முன்பு பொறி இருக்கும் குகையைத் தேடிக் கொம்பையாவோடு போய்த் தனியாகத் திரும்பியவர் தங்கக்கனி அண்ணாச்சி, பட்டணத்தின் பெரிய வியாபாரி. குகையைக் கண்ணால் காண்பதற்கு முன்பே புதைமணல் கொம்பையாவை விழுங்கிவிட்டது என்று தலையில் அடித்துக்கொண்டு சொன்னவரும் அவரே. புதைமணலில் போகிறவன் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டா போவான்?

“நான் கெளம்புதேன்,” என்றாள் வெயிலுகந்தாள். “உசுரோ எலும்போ, அண்ணன வீட்டுக்குக் கொண்டாரணும்.”

அண்ணாச்சி கடையை அப்படியே போட்டுவிட்டு வந்தார். “தனியாப் போவியா தாயி? நானும் வாரேன். பொறி கெடச்சா எனக்கு, ஆள் கெடச்சா உனக்கு.”

பொறி என்றால் எடைவாங்கிப் பொறி. பழைய அரசர்கள் மலையளவு கல்லைப் பஞ்சு போலத் தூக்கியது அதை வைத்துத்தான். அதில் இரண்டு கறுப்புக் கல் உண்டு. மேல்கல் ஒரு படகில் பதிந்திருக்கும்; கீழ்கல் தரையில் ஒரு செப்புத் தட்டைத் தாங்கியிருக்கும். தட்டில் எவ்வளவு மணல் கொட்டுகிறோமோ அவ்வளவு எடை படகிலிருந்து கழியும், படகு மேலே போகும். மணலை அள்ளினால் இறங்கும். இதில் மாயம் ஒன்றும் இல்லை. ஒருவன் மேலே போக இன்னொருவன் கீழே இருந்தாக வேண்டும், அவ்வளவுதான். உலகத்தில் எல்லா உயரமும் அப்படித்தான்.

மந்திரம் ஒட்டகத்தோடு வழிகாட்ட, மூவரும் புறப்பட்டார்கள். நடக்கும் மணலில் நேற்றுப் பார்த்த மேடு இன்று அங்கே இருக்காது. குகைக்குச் சற்று முன்னால் அண்ணாச்சி புதைமணலில் இடுப்பு வரை இறங்கிவிட்டார். மந்திரம் கயிற்றை வீசினான். “நல்ல கயிறுதானா வே? எங்க வாங்குன?” என்று கேட்டுவிட்டுத்தான் அதைப் பிடித்தார்.

குகைக்குள் பந்தம் கொளுத்திக்கொண்டு நுழைந்தார்கள். நடுவில் செப்புத் தட்டு, நிறைய மணலோடு. மந்திரம் பந்தத்தை உயர்த்தினான். இரண்டு பனை உயரத்தில், கூரையோடு ஒட்டிக்கொண்டு ஒரு படகு நின்றது.

மந்திரம் மணலை வாரி வெளியே போட்டான். படகு முனகிக்கொண்டு இறங்கியது. உள்ளே கொம்பையா எலும்பாகச் சுருண்டு கிடந்தான். வெயிலுகந்தாள் அழவில்லை. முந்தானையை விரித்து, ஒவ்வொரு எலும்பாக எடுத்து வைத்தாள். பிறகு தட்டைப் பார்த்தாள்.

“அண்ணாச்சி, அண்ணன் மேல இருந்தான். தட்டு கீழ இருக்கு. மணல அள்ளிப் போட்டது யாரு?”

அண்ணாச்சி தலையில் அடித்துக்கொண்டு அழுதார்.

“பங்குதான் தாயி தகராறு. பேசுனது பாதிப் பாதி. அவன் மேல ஏறுனப்பறம் நான் கால்பங்குன்னேன். ஒத்துக்கிட்டா எறக்குதேன்னேன். அவன் மசியல. நம்ம ஊரு வழக்கம் தெரியும்லா, உதறிட்டு நடந்தேன். கூப்பிடுவான்னு வாசல்ல ஒக்காந்திருந்தேன். அவன் கூப்பிடவே இல்ல. காத்து வந்து மேடு சரிஞ்சு மூடிட்டு. நான் என்ன செய்ய?”

ஏழுகடைப் பட்டணத்து வழக்கத்தைச் சொல்லியாக வேண்டும். அங்கே விலை பேசத் தெரிந்தால் போதாது. விலையை உதறிவிட்டு நடக்கத் தெரிய வேண்டும். எதிராளி கூப்பிடுவான். முதல் குரலுக்குத் திரும்புகிறவன் ஏமாளி, இரண்டாம் குரலுக்குத் திரும்புகிறவன் கற்றுக்குட்டி. மூன்றாம் குரலுக்குத் திரும்புகிறவனே வியாபாரி.

“எங்க ஒக்காந்திருந்திய?”

“செருப்பு கெடந்த எடத்துலதான்.”

அழுத கண்ணோடே அண்ணாச்சி படகில் ஏறினார். கையில் வந்த சரக்கில் கீறல் உண்டா என்று பார்க்காமல் அவரால் இருக்க முடியாது. மேல்கல்லைத் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தபோது வெயிலுகந்தாள் மந்திரத்துக்குக் கண் காட்டினாள். இருவரும் மணலை வாரிக் கொட்டினார்கள். அண்ணாச்சியின் உடம்புக்குக் கொம்பையாவைப் போல இரண்டு மடங்கு மணல் கேட்டது. படகு ஏறி, கூரையில் மோதி நின்றது.

“ஏ தாயி, என்ன செய்யுத? பாதி உனக்கு! முக்கால் வச்சுக்கோ!”

அவள் குகையை விட்டு வெளியே நடந்து, செருப்பு கிடந்த இடத்தில் உட்கார்ந்தாள். மேட்டின் உச்சியிலிருந்து மணல் பொடிப்பொடியாக உதிர்ந்துகொண்டிருந்தது. காற்று திரும்பிவிட்டது.

உள்ளே இருந்து குரல் வந்தது.

“வெயிலு... வந்துரு தாயி...”

காதுக்குள் வாய் வைத்துச் சொன்னது போல ஒவ்வோர் எழுத்தும் தெளிவாகக் கேட்டது. குகை அப்படி. பெருமூச்சு விட்டால்கூட வாசலுக்கு வரும்.

அவள் முதல் குரலுக்கே எழுந்தாள், உள்ளே ஓடினாள். மந்திரமும் அவளும் மணலை அள்ளி வீசினார்கள். படகு இறங்கியது.

“அண்ணன் எத்தன தடவ கூப்பிட்டான், அண்ணாச்சி?”

அவர் படகின் விளிம்பைப் பார்த்துக்கொண்டு சொன்னார். “ரெண்டு.”

“மூணாவது?”

“மூணாவது கூப்பிடுறதுக்குள்ள மேடு சரிஞ்சுட்டு.”

அதற்கு மேல் பேச நேரமில்லை. ஒட்டகத்தின் மேல் கீழ்கல்லையும் தட்டையும் கட்டி, ஒட்டகம் தாங்குகிற அளவு மணல் போட்டார்கள். எலும்பு மூட்டையோடு படகு எழும்பியது. கயிற்றைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஓடினார்கள். கடைசி ஆளாக அண்ணாச்சி வெளியே வந்து விழுந்ததும் மேடு இறங்கிக் குகையை மூடிக்கொண்டது.

முன்னால் ஒட்டகம், பின்னால் காற்றில் மிதந்துகொண்டு கொம்பையா. மூன்று வருடம் கழித்து அவன் ஊர்வலமாக வீடு திரும்பினான். வழியெல்லாம் அண்ணாச்சி பின்னாலேயே வந்தார்.

“பொறி முழுசும் எடுத்துக்கோ தாயி. ஊருல மட்டும் சொல்லாத.”

பட்டணம் மேளம் கொட்டி வரவேற்றது. மாலைகளைக் கையில் வாங்கிக்கொண்டு வெயிலுகந்தாள் நடந்ததை நடந்தபடி சொன்னாள். மேளம் தானாக நின்றது. பேச்சுப்படி பொறியை அண்ணாச்சியின் கடை வாசலிலேயே இறக்கினாள். ஆள் உனக்கு, பொறி எனக்கு என்றுதானே பேச்சு.

இன்றும் பொறி அங்கேதான் இருக்கிறது. மலையைத் தூக்கும் பொறி. படகில் ஏறத்தான் ஆள் இல்லை, தட்டின் பக்கத்தில் நிற்பவர் அண்ணாச்சி அல்லவா. சரக்கு வாங்க வருகிறவர்களும் விலை கேட்டுவிட்டு நடக்கிறார்கள். அவர் கூப்பிடுகிறார். மூன்றாம் குரலுக்கும் யாரும் திரும்புவதில்லை.

வெயிலுகந்தாள் யார் கூப்பிட்டாலும் முதல் குரலுக்கே திரும்பிவிடுவாள். அதனால் அந்தக் கடைத்தெருவில் எல்லாவற்றையும் கூடுதல் விலைக்குத்தான் வாங்குகிறாள்.