ஆடாத கேமரா

ஒரு மணி நேர டேப் அறுபத்து மூன்றாம் நிமிடத்திலும் ஓடிக்கொண்டிருந்தது. உமாமகேஸ்வரி கடிகாரத்தைப் பார்த்தாள், பிளேயரைப் பார்த்தாள், தான்தான் தவறாகக் குறித்துவிட்டோமோ என்று குறிப்பேட்டை முதலிலிருந்து சரிபார்த்தாள். தவறில்லை.

தொலைக்காட்சிக்குப் பழைய காட்சிகளைத் தேடிக் கொடுப்பது அவள் வேலை. கொள்ளிடம் வெள்ளத்தில் பத்து விநாடிக் காட்சி வேண்டியிருந்தது. டேப்பைக் கொடுத்தவர் அப்பா சிவராமன். ஸ்ரீரங்கத்தில் கல்யாண வீடியோ எடுத்தவர்.

"முதல் அரைமணிதாம்மா. அப்புறம் வெறும் புள்ளி," என்றார் சமையலறையிலிருந்து. "என்னமோ பரீட்சைக்குப் படிக்கிற மாதிரி உக்காந்திருக்கே. டீ போடறேன், வா."

திரையில் ஓடும் கறுப்பு வெள்ளைப் புள்ளிகளுக்குப் பின்னாலும் காட்சி இருக்கக்கூடும். கடைசிவரை ஓட்டிப் பார்ப்பது அவள் வழக்கம். பால் காயும் வாசனையோடு எங்கிருந்தோ ஈரச் சேற்றின் வாசனையும் சேர்ந்து வந்து, ஜன்னல் சாத்தியிருந்தும் மேஜையைச் சுற்றி மெல்லக் கனத்தது.

புள்ளிகள் விலகின. செம்மண் நிறத்தில் வெள்ளம். நடுவில் விளக்குக் கம்பம். அதைக் கட்டிக்கொண்டு அவள் தம்பி பாலமுரளி. எட்டு வயது.

"நான் ஓடிப் போறதுக்குள்ள போயிட்டான்." அந்த வெள்ளம் வந்த நாளிலிருந்து, பதினெட்டு வருஷமாக அப்பா அப்படித்தான் சொல்லி அழுதிருக்கிறார். அவள்தான் தேற்றியிருக்கிறாள்.

கம்பம் பத்தடி தூரம். தம்பி கூப்பிட்டுக்கொண்டே இருந்தான். கேமராவின் பக்கத்தில் அப்பாவின் குரல், நிதானமாக: "அப்படியே பிடிச்சுக்கடா கண்ணு."

ஐந்து நிமிடம். பத்து நிமிடம்.

படம் துளியும் ஆடவில்லை. கையில் பிடித்த கேமரா மூச்சுக்குக்கூட ஆடும். இது ஸ்டாண்டில் நின்றிருக்கிறது. அப்படியென்றால் அப்பாவின் இரண்டு கைகளும் சும்மா இருந்திருக்கின்றன.

பின்னால் ஓட்டி மறுபடி பார்த்தாள். ஆடவில்லை.

"அப்பா... அன்னிக்கு ஸ்டாண்டு போட்டிருந்தீங்களா?"

கரண்டிச் சத்தம் நின்றது. "அதை ஏம்மா பார்த்தே?" என்றார்.

பிறகு தண்ணீர்ச் சத்தம். டேப்பிலா, வீட்டிலா?

"உமா!" அப்பாவின் அலறல்.

ஓடினாள். சமையலறையில் யாருமில்லை. பால் பொங்கி அடுப்பில் வழிந்தது. தரையெங்கும் செம்மண் வண்டல்.

திரும்பி வந்தாள்.

திரையில் அதே வெள்ளம். கம்பத்தில் தம்பி இல்லை. பனியன் போட்ட ஒரு தலை நரைத்த ஆள் அதைக் கட்டிக்கொண்டிருந்தார். கையில் டீ வடிகட்டி. வாய் திறந்து திறந்து மூடியது.

படம் இப்போது ஆடியது. லேசாக. மேலும் கீழும்.

மூன்றடி உயரத்திலிருந்து.

மைக்குக்கு மிக அருகில், ஈரமாக, ஒரு சிறுவனின் மூச்சு.