எரித்த கம்புகள்

உறைந்த ஏரியின் மேல் ஒரு கம்பு நின்றிருந்தது.

ஜன்னல் கண்ணாடியில் படிந்த ஆவியைத் துடைத்துவிட்டு விடோயே மறுபடியும் பார்த்தான். நிற்கத்தான் செய்தது. அங்கே நட்ட பதினோரு கம்புகளையும் பத்து நாளைக்கு முன் அவனே பிடுங்கி வந்து அடுப்பில் போட்டு எரித்திருந்தான். பைன் பிசின் கருகிய வாடை இன்னும் வீட்டை விட்டுப் போகவில்லை.

துர்மிதோர் மலையில் பனி மூடிவிட்டால் ஏரி எது, மேடு எது என்று தெரியாது. அதற்கு முன்பே வழிநெடுகக் கம்பு நட்டுவிட வேண்டும். வருஷத்துக்கு ஒரு வீட்டின் முறை. இந்த வருஷம் விடோயேவின் முறை. வேலை என்றாலே அவனுக்கு வேப்பங்காய். கரையைச் சுற்றி என்றால் கல் தரையில் நாற்பது கம்பு. ஏரிக்குக் குறுக்கே என்றால் பதினொன்று. நடுவில் ஊற்று இருக்கும் இடத்தில் பனிக்கட்டி இறுகாது என்பது மலையில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரியும். இந்தக் குளிருக்கு இறுகிவிடும் என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டு குறுக்கேயே நட்டான். அந்தக் கம்புகளை நம்பி முதலில் போனவன் மிலுன். வைக்கோல் சுமந்த குதிரையோடு, அதன் கழுத்து மணியோடு, உள்ளே போய்விட்டான்.

அவன் குடித்துவிட்டு வழி தவறினான் என்று ஊருக்குச் சொன்னது விடோயேதான். கரையைச் சுற்றி நாற்பது கம்பையும் அன்றைக்கே நட்டு முடித்தான். எங்கிருந்து வந்ததோ அந்தச் சுறுசுறுப்பு!

கதவு தட்டப்பட்டது. அக்கரையிலிருந்து மிலுனின் மனைவி யெல்கா வந்திருந்தாள். உட்காரவில்லை.

"அண்ணே, அவரு பகல்ல ஒரு சொட்டு தொட மாட்டாரு. நெசத்தச் சொல்லுங்க, கம்ப எங்க நட்டீங்க?"

"கரையச் சுத்தித்தாம்மா. வரும்போது பாக்கலியா?"

"பாத்தேன்." அவன் முகத்தையே பார்த்தாள். "எல்லாம் புதுக் கம்பா இருக்கு."

உண்மையைச் சொல்லிவிடத்தான் வாயைத் திறந்தான். அடுப்பில் விறகு குறைந்துவிட்டது என்று ஏதோ சொன்னான். அவள் கறுப்பு முக்காட்டை இழுத்துக்கொண்டு இறங்கிப் போனாள். வெட்கத்தில் அவனுக்குக் காது எரிந்தது.

மூடுபனி இறங்கியது. ஜன்னலுக்கு வந்தான். இப்போது ஏரியின் மேல் வரிசையாகக் கம்புகள். அவற்றைப் பிடித்துக்கொண்டே ஒரு கறுப்பு உருவம் நடுவை நோக்கிப் போனது.

"யெல்கா! நில்லும்மா! அது ஏரி!"

ஓடினான். முதல் கம்பு. இரண்டாவது. பிசின் வாடை. உருவம் நிற்கவில்லை.

"நான்தான் நட்டேன்! கேக்குதா? நான்தான் அவனக் கொன்னேன்!"

பதில் வந்தது. இடப்பக்கம், வெகுதூரத்தில், கரையிலிருந்து.

"அண்ணே! ஏரி மேல எங்க போறீங்க?"

நின்றான். ஆறாவது கம்பிலிருந்து கையை எடுத்தான். உள்ளங்கை முழுக்கக் கரி.

திரும்பிப் பார்த்தான். பின்னால் ஒரு கம்பும் இல்லை.

முன்னால் அந்த உருவமும் நின்றுவிட்டது. காலுக்கு அடியில், பனிக்கட்டிக்குக் கீழே, குதிரை மணி அசைந்தது. ஒரு எட்டு. இன்னொரு எட்டு. அவனை நோக்கி.