செவ்வாய்க்கிழமை பட்டுவாடா

கதவைத் திறந்ததும் அவள் முதலில் தரையைத்தான் பார்த்தாள். சீட்டு இல்லை. கால்மிதியை எடுத்து உதறினாள், கதவிடுக்கில் விரலை விட்டுத் துழாவினாள், படிக்கட்டுத் திருப்பம் வரை இறங்கிப் பார்த்துவிட்டு வந்தாள். அந்தத் தெருவுக்குத் தபால் வருவது பதினொன்றரைக்கு மேல், பன்னிரண்டுக்குள். அந்த நேரத்தில் அவள் தையல் கூடத்தில் பள்ளிச் சீருடைகளுக்குக் காலர் வைத்துக்கொண்டிருப்பாள். பதிவுத் தபாலில் பெட்டி வந்து வீட்டில் ஆள் இல்லையென்றால் தபால்காரர் ஒரு சீட்டெழுதிச் செருகிவிட்டுப் போவார், மறுநாள் அதைக் காட்டித் தபால் அலுவலகத்தில் வாங்கிக்கொள்ளலாம். அதற்காக வெள்ளிக்கிழமை மதியம் ஒரு மணி நேரம் அனுமதிகூடக் கேட்டு வைத்திருந்தாள்.

கைபேசியில் பெட்டியின் எண்ணைத் தட்டிப் பார்த்தாள். பட்டுவாடா செய்யப்பட்டது. 11.40. வீட்டில் இருந்தவர் பெற்றுக்கொண்டார்.

அந்த வீட்டில் அவள் ஒருத்திதான் இருந்தாள். எதிர்வீடு ஆறு மாதமாகப் பூட்டிக் கிடக்கிறது.

கணவன் தூரதேசத்தில் மலைக்குள் சுரங்கப்பாதை வெட்டும் வேலைக்குப் போனவன். ஐந்து மாதத்துக்கு முன் காய்ச்சலில் படுத்தான், நான்காம் நாள் போய்விட்டான். உடலைக் கொண்டுவர வழியில்லாமல் அங்கேயே புதைத்தார்கள். அவன் தம்பிதான் போய் எல்லாம் செய்துவிட்டு வந்தான். கணவனுடைய சாமான்களை இரண்டு பெட்டிகளாகத் தபாலில் அனுப்புவதாகவும், முதல் பெட்டியில் துணிமணியும் கைபேசியும், இரண்டாவதில் மற்றவையும் இருக்கும் என்றும் கம்பெனி எழுதியிருந்தது. கடிதம் வந்த அன்றும் அவள் அழவில்லை. பல் பிடுங்க ஊசி போட்ட பிறகு கன்னம் யாருடையதோ போல முகத்தில் தொங்குமே, அப்படித்தான் அந்த ஐந்து மாதமும் இருந்தது. சமைத்தாள், குளித்தாள், காலர் தைத்தாள். கிள்ளிப் பார்த்தால்கூடத் தூரத்தில் எங்கோ வலித்தது.

மறுநாள் மதியம் தபால் அலுவலகத்தில் கூட்டம் நெரித்தது. அடுத்து மூன்று நாள் சேர்ந்தாற்போல் விடுமுறை. கவுன்ட்டரில் இருந்த பெண் மூக்கைத் துடைத்துக்கொண்டே பதிவேட்டைத் திருப்பிக் காட்டினாள்.

"இந்தா பாருங்க, கையெழுத்துப் போட்டு வாங்கியிருக்காங்களே."

அவன் பெயர்தான். ஆனால் எழுத்துகள் ஒன்றை விட்டு ஒன்று விலகி, ஒவ்வொன்றும் ஒவ்வொரு பக்கம் சாய்ந்து, எழுதத் தெரியாதவர்கள் படத்தைப் பார்த்து வரைவதுபோல வரையப்பட்டிருந்தன. கடைசி எழுத்தின் மேல் ஒரு விரல் தடம் இருந்தது. ரேகையே இல்லாத, வழவழப்பான ஒரு நீள்வட்டம்.

சுற்று முடித்து வந்த தபால்காரர் பையை இறக்கி வைத்தார். அவளை அடையாளம் தெரிந்து சிரித்தார்.

"என்னம்மா, பெட்டி பத்திரமா வந்துச்சா? உங்க வீட்டுக்காரர்தானே வாங்கினாரு."

"நீங்க பாத்தீங்களா அண்ணே?"

"எங்க பாத்தேன்? கதவை ஒரு சாண்தான் திறந்தாரு. உள்ள ஒரே இருட்டு. கையை மட்டும் நீட்டினாரு. பேனாவைப் பிடிக்கிற விதமே ஒரு தினுசா இருந்துச்சு. கை வேற ஜில்லுனு, ஊற வெச்ச மாதிரி. உடம்புக்கு முடியலையோன்னு நெனச்சேன்."

அவர் செத்துப்போய்விட்டார் என்று சொல்ல வேண்டும். வாக்கியம் நாக்கின் மேல் வந்து உட்கார்ந்தது. ஆனால் வெளியே வந்தது வேறு.

"இன்னொரு பெட்டி வரணும் அண்ணே."

"அது வந்துடுச்சு. இன்னைக்குக் காலைல வந்த மூட்டைல இருக்கு. இனிமே செவ்வாய்க்கிழமைதான் பிரிப்பாங்க. சனி, ஞாயிறு, திங்கள் மூணு நாளும் லீவு."

"இப்பவே குடுக்க முடியாதா?"

"சீல் வெச்ச மூட்டைம்மா," என்றாள் கவுன்ட்டர் பெண், அடுத்த ஆளைக் கைகாட்டிக் கூப்பிட்டபடி. "செவ்வாய்க்கிழமை வீட்டுக்கே வரும். அதான் ஆள் இருக்காரே, வாங்கிக்குவாரு."

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் வெளிப்பூட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். ஒரு கீறல் இல்லை. இரண்டு அறை, ஒரு சமையலறை, குளியலறை, அதன் மேல் பலகைக் கதவு போட்ட பரண், அவ்வளவுதான் வீடு. விளக்கெல்லாம் போட்டுக்கொண்டு தேடினாள். கட்டிலுக்கு அடியில் அட்டைப்பெட்டி மடித்துத் தட்டையாக வைக்கப்பட்டிருந்தது. மேலே அவள் பெயர், அவள் முகவரி. உள்ளே இருந்த எதுவும் இல்லை. ஸ்டூல் போட்டு ஏறிப் பரணைத் திறந்தாள். பழைய மெத்தை, ஓடாத மின்விசிறி, தூசி. தூசியின் நடுவில் ஓர் ஆள் படுக்கும் நீளத்துக்குத் தரை சுத்தமாக இருந்தது.

அப்போது வந்தது பயம். ஐந்து மாதத்தில் முதன்முதலாகத் தனக்கென்று வந்த ஓர் உணர்ச்சி என்று அவளுக்குத் தோன்றியது. அவள் அதைப் போகவிடாமல் கொஞ்ச நேரம் ஸ்டூலின் மேலேயே நின்றாள்.

கொழுந்தனைக் கூப்பிட்டாள்.

"உங்கண்ணன... நீதானே பாத்த?"

"என்ன அண்ணி திடீர்னு இப்படிக் கேக்கறீங்க?" மறுமுனையில் தொலைக்காட்சிச் சத்தம் நின்றது. "நான்தான் குளிப்பாட்டினேன். நான்தான் முதல் பிடி மண்ணு போட்டேன். என்ன ஆச்சு?"

"வீட்டுல யாரோ இருக்காங்க."

"திருடனா? போலீஸைக் கூப்பிடுங்க. இல்ல, கதவைப் பூட்டிட்டு யார் வீட்டுக்காவது போங்க."

"திருடன் இல்ல."

"அண்ணி, நீங்க இன்னும் அழவே இல்ல. அதுதான் இப்படிப் பண்ணுது. லீவுக் கூட்டத்துல பஸ்ல எங்கயும் இடமில்ல. செவ்வாய்க்கிழமை சாயங்காலம் வந்துடறேன். வந்து உங்களைக் கூட்டிட்டுப் போறேன். சரியா?"

"சரி," என்றாள்.

சனிக்கிழமை காலையில் கொடியில் ஒரு சட்டை காய்ந்துகொண்டிருந்தது. நீலக் கோடு போட்டது. காலரின் உள்பக்கம் அவளே போட்ட இரட்டைத் தையல், கணவன் பயணம் கிளம்பிய வாரத்தில் போட்டது. சட்டையிலிருந்து சொட்டிய நீர் சிமென்ட் தரையில் சின்னதாகக் குழி பறிப்பதுபோல ஒரே இடத்தில் விழுந்துகொண்டிருந்தது. இரவு யாரோ குளியலறையில் துணி அலசிய சத்தம் கேட்டதா என்று யோசித்துப் பார்த்தாள். கேட்டிருந்தது. பக்கத்தில் படுத்திருந்தவன் எழுந்து போயிருக்கிறான் என்று எண்ணித் திரும்பிப் படுத்துக்கொண்டதும் நினைவுக்கு வந்தது.

மதியம் வெயில் ஜன்னல் வழியாகப் பாதி அறைவரை வந்து படுத்திருந்தது. தெருவில் வண்டிச் சத்தமே இல்லை. கடைகள் மூடிக் கிடந்தன. அந்த அமைதியில் பரணுக்குள்ளிருந்து அவன் பேசினான்.

"நான்தான். சாப்பிட்டியா?"

கையிலிருந்த டம்ளரை மேசையில் வைத்தாள். அது அவன் கைபேசியிலிருந்து வந்த குரல். தினமும் வேலை முடிந்ததும் அப்படித்தான் பதிவு செய்து அனுப்புவான். காற்றின் இரைச்சலோடு, பின்னால் ஏதோ இயந்திரம் உறுமுவதோடு, அதே குரல். முடிந்ததும் ஒரு சின்ன ஒலி. அப்புறம், அதே இடத்திலிருந்து, இயந்திரமும் காற்றும் இல்லாமல், வாயில் தண்ணீரை வைத்துக்கொண்டு பேசுவதுபோல வேறொரு குரல்.

"நா... தா. சா... ட்டியா."

மறுபடியும் கைபேசி. மறுபடியும் அது.

ஸ்டூலில் ஏறிப் பலகைக் கதவை இழுத்தாள். வரவில்லை. மாட்டிக்கொண்ட மாதிரியும் இல்லை. உள்ளேயிருந்து யாரோ விரல்நுனியால், மிக மென்மையாக, பிடித்திருந்தார்கள். அவள் இழுக்கும் அளவுக்கு மட்டும் எதிர்த்து இழுத்தார்கள். அவள் விட்டதும் விட்டார்கள்.

செருப்பை மாட்டிக்கொண்டு கீழே இறங்கினாள். தெருமுனைவரை போனாள். மூடிய தபால் அலுவலகத்தின் கம்பிக் கதவில், மூன்று நாள் விடுமுறை என்று கையால் எழுதிய தாள் ஒட்டியிருந்தது. அதை முழுதாகப் படித்தாள். யாரிடம் போய் என்னவென்று சொல்வது? நின்றாள். குரல் காதிலேயே இருந்தது. சாப்பிட்டியா என்று அவளைக் கேட்க அந்த ஐந்து மாதத்தில் ஒருவரும் இல்லை. திரும்பி வந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை முழுதும் அது பழகியது. முதலில் எழுத்து எழுத்தாக. பிறகு சொல் சொல்லாக. தப்பு வரும்போதெல்லாம் நிறுத்தி, கைபேசியை மறுபடி ஓடவிட்டு, மறுபடி முயன்றது. மதியம் சோற்றைத் தட்டில் போட்டுக்கொண்டு பரணுக்குக் கீழே ஸ்டூலில் உட்கார்ந்து சாப்பிட்டாள். ஏன் அங்கே உட்கார்ந்தாள் என்று அவளுக்குத் தெரியவில்லை. பலகை இடுக்கிலிருந்து சோப்பு வாசனை இறங்கியது. அதற்குள் வேறொன்று. ஈரமண்.

திங்கட்கிழமை பிற்பகலில் எது கைபேசி, எது அது என்று அவளால் பிரிக்க முடியவில்லை.

"நான்தான். சாப்பிட்டியா?"

"சாப்பிட்டேன்," என்றாள் அவள்.

மேலே சத்தம் நின்றது. அதன் பிறகு இரவு முழுதும் ஒன்றும் கேட்கவில்லை. கேட்டுக்கொண்டிருக்கிறார்கள் என்று மட்டும் தெரிந்தது.

செவ்வாய்க்கிழமை அவள் வேலைக்குப் போகவில்லை. பத்து மணிக்கே நாற்காலியைக் கதவுக்கு நேராகப் போட்டு உட்கார்ந்தாள். பெட்டியை நானே வாங்குவேன். வாங்கிக்கொண்டு அப்படியே தபால்காரரோடு இறங்கிவிடுவேன். சாயங்காலம் கொழுந்தன் வருவான். இதை மனதுக்குள் வரிசையாகச் சொல்லிக்கொண்டாள். பதினொன்று. பதினொன்றரை. படியில் செருப்புச் சத்தம்.

மணி அடித்தது.

எழுந்திருக்க வேண்டும். கால்கள் எங்கோ இருந்தன.

பின்னால் பரண் பலகை திறந்தது. ஸ்டூல் நகரவில்லை. ஆனால் வெறுங்கால் இரண்டு தரையில் இறங்கின. ஈரமாக. ஒன்று. இன்னொன்று. அருகே வந்தன. நீலக்கோட்டுச் சட்டையின் கை அவள் தோளை உரசிக்கொண்டு போனது. தலைக்கு மேல் துண்டு. முதுகு மட்டும். சட்டை தோளில் சரியாக இருந்தது, இடுப்பில் தொங்கியது.

கதவு ஒரு சாண் திறந்தது.

"என்ன சார், லீவெல்லாம் எப்படிப் போச்சு?" தபால்காரரின் குரல்.

"ஆமாங்க. நான்தான்."

அவன் குரலேதான். இம்மி பிசகவில்லை.

"அது தெரியுதே. இங்க ஒரு கையெழுத்து. என்ன சார், துண்டால மூடியிருக்கீங்க, ஜலதோஷமா?"

"ஆமாங்க."

"கஷாயம் வெச்சுக் குடிங்க. வீட்ல அம்மா இல்லையா? அன்னைக்கு ஒரு மாதிரி இருந்தாங்களேன்னு கேட்டேன்."

அண்ணே. சொல்ல வேண்டியது அவ்வளவுதான். வாயைத் திறந்தாள். மூச்சு வந்தது. சொல் வரவில்லை.

"இருக்கா," என்றது அவன் குரல். "சாப்பிட்டா."

கதவு மூடியது. செருப்புச் சத்தம் படியிறங்கிப் போனது. ஒவ்வொரு படியாக. அப்புறம் இல்லை.

அது பெட்டியைச் சுவரோரம் வைத்துக் குனிந்து பிரித்தது. சவரப் பெட்டி. சீப்பு. ஒரு பணப்பை. பணப்பையிலிருந்து கம்பெனி அடையாள அட்டையை மட்டும் எடுத்து, சுவர்க் கண்ணாடிச் சட்டத்தின் ஓரத்தில், புகைப்படம் தெரியும்படி செருகியது. பிறகு துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டது.

கண்ணாடியில் தெரிந்தது.

முகம் இருக்க வேண்டிய இடத்தில் வெளிறிய, ஈரமான, வழவழப்பான ஒன்று. வெட்டி வைத்து இன்னும் தைக்காத துணி போல. பேசுவதற்கு ஒரு பிளவு மட்டும்.

அது புகைப்படத்தைப் பார்த்தது. இரண்டு கட்டைவிரலையும் உயர்த்தி நடுவில் வைத்துக் கிள்ளித் தூக்கியது. மூக்கு எழுந்தது. மேலே இரண்டு இடத்தில் அழுத்தியது. குழிகள் நின்றன. அவற்றுக்குள் மெல்ல நீர் கோத்தது. அது திரும்பி அவளைப் பார்த்தது.

"இப்போ?"

அது கண்ணாடிப் பக்கம் திரும்பியது. தாடையை இரு கையாலும் பிடித்து இழுத்தது. மறுபடி அவள் பக்கம் திரும்பியது.

"இப்போ?"

கிட்டத்தட்ட அவன். கிட்டத்தட்ட.

அவள் கை தானாக உயர்ந்தது, அளவு சரியில்லாத சட்டையைச் சுட்டுவதுபோல. யாரோ பேசுவது கேட்டது. அவள்தான்.

"இடது கண்ணு," என்றாள். "இன்னும் கொஞ்சம் கீழே."

அது பணிவாகத் தலையாட்டிவிட்டுக் கண்ணாடிப் பக்கம் திரும்பி, கட்டைவிரலை நகம் மறையும்வரை உள்ளே அழுத்தி, அவள் சொன்ன பக்கமாக மெதுவாக இழுக்கத் தொடங்கியது.