அமீனா எழுதிய சம்பந்தம்

“அப்பா, நீ தூங்கிட்டா ஊருக்கே தண்ணி வராதா?”

ஐந்து வயதில் அவள் கேட்டாளாம். குடிநீர் வாரியத்தில் பம்ப் ஓட்டிய அப்பா, “வராது கண்ணு, அதான் தூங்கறதில்ல” என்பாராம். ஓய்வு பெற்ற பிறகும் அவருக்குத் தூக்கம் வரவில்லை. பணிக்கொடையும் ஓய்வூதியமும் வந்தால்தானே... கோர்ட் உத்தரவிட்டும் வாரியம் அசையவில்லை.

அதைக் கேட்கத்தான் அன்றும் வாரிய அலுவலகத்தில் காத்திருந்தாள். வெளியே விடாத மழை. சொட்டச் சொட்ட நனைந்த ஒருவன் எதிரே வந்து நின்றான்.

“எந்திரிங்க மேடம். இந்த நாற்காலியை எடுக்கணும்.”

துரத்த ஆள் அனுப்பிவிட்டார்கள் என்று நினைத்தாள்.

“நான் அசைய மாட்டேன்.”

“அசையாச் சொத்துன்னா வேற உத்தரவு வேணுமே... என்கிட்ட அசையும் சொத்துக்குத்தான் இருக்கு.”

இமையில் மழைத்துளி, அதற்குக் கீழே சிரிப்பு... அவன் கோர்ட் அமீனா. பாக்கி வைத்த அலுவலகத்தை ஜப்தி செய்ய வந்தவன், அவளை அங்கே வேலை பார்ப்பவள் என்று நினைத்துவிட்டான். அவன் கையிலிருந்த வாரண்டில் அவள் அப்பாவின் பெயர்!

“அட, அவர் பொண்ணா? அப்பாவைக் கூப்பிடுங்க. எதை எடுக்கணும்னு அவர்தான் காட்டணும்.”

படுத்த படுக்கையாக இருக்கிறார் என்றால் போதும்... ஜப்தி நடக்கும், பணமில்லாமல் தள்ளிப்போன அம்மாவின் இதய ஆபரேஷனும் நடந்துவிடும். பொய் நாக்கு நுனி வரை வந்தது. கடவுள்தான் பிடித்துக்கொண்டாரோ...

“போன வாரம் போயிட்டாருங்க.”

அவன் கண்ணில் சிரிப்பு அணைந்தது. “இறந்தவர் பேர்ல ஜப்தி பண்ண முடியாதுங்க. வாரிசுன்னு மனு போட்டு, புது வாரண்டு வாங்கணும்.”

“உண்மை சொன்னதுக்குத் தண்டனையா?”

அவன் வாரண்டை மடித்துப் பைக்குள் வைத்தான்.

மனுவுக்கு வழி சொன்னது அவன்தான். கோர்ட் வராந்தாவில் நின்ற நாட்களில் மெல்லப் பேச்சு வளர்ந்தது. அப்பாவை அடக்கம் செய்ய, அவரோடு பம்ப் ஓட்டிய பெரியப்பா தன் மனைவியின் வளையல்களை விற்றுக் கொடுத்ததைச் சொன்னாள். அவருக்கும் ஓய்வூதியம் வரவில்லை. அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

மனு நகர்வதற்குள் அம்மாவும் போய்விட்டாள்.

ஒருவழியாகப் புது வாரண்டு வந்தது. எடுத்து வந்ததோ வேறொரு அமீனா. மேலாளரின் காரில் அவர் கை வைத்ததுமே காசோலை வந்துவிட்டது. அவள் மனம் மட்டும் ஆறவில்லை. கைகழுவிட்டானே...

நேரே கோர்ட்டுக்குப் போய் அவனையே கேட்டாள். “பெரிய இடம்னு பயந்துட்டீங்களா?”

“இந்த வாரண்டை நான் எடுக்கக் கூடாதுன்னு எழுதிக் கொடுத்துட்டேன்.”

“ஏன்?”

“மனுதாரரோட சம்பந்தம் இருக்குன்னு...”

“என்ன சம்பந்தம்?”

அவன் காது சிவந்தது. “இனிமேதான் பேசணும்... யார்கிட்ட வந்து பேசறது?”

மழை ஓய்ந்து ஓட்டிலிருந்து சொட்டிக்கொண்டிருந்தது. அவள் கண் நிறைந்துவிட்டது.

“என்கிட்டதான். வீட்ல வேற யாரு இருக்கா...”

வந்த பணத்தில், பெரியப்பா விற்ற அதே எடையில் இரண்டு வளையல்கள் வாங்கினாள். நேரில் கொடுத்தால் அவர் வாங்க மாட்டார். பெரியப்பா வீட்டில் ஆளில்லாத நேரமாகப் பார்த்துப் போனாள். அவன் தெருமுனையிலேயே நின்றுகொண்டான், முதுகைத் திருப்பியபடி. பார்த்தால் அவனும் சாட்சியாகிவிடுவானே...

துணியில் சுற்றிய வளையல்களை ஜன்னல் வழியே உள்ளே வைத்தாள். சத்தம் வராமல் ஜன்னல் கதவைச் சாத்தினாள்.