இறங்கினதும் எழுதிக்கலாம்

நேற்று இரண்டு மணி நேரம் நான்கு நிமிடம் பதினொரு விநாடியில் முடிந்த விமானி அறை ஒலிப்பதிவு, இன்று பதினான்காவது விநாடிவரை ஓடியது.

“மெஷின் கோளாறு சார்,” என்றார் விமானம் செய்த நாட்டிலிருந்து வந்திருந்த பிரதிநிதி. “மூணு செகண்டுக்காக மூளையைக் கசக்காதீங்க.” சொல்லிவிட்டுச் சாப்பிடப் போய்விட்டார்.

சொன்னது யாரிடம்? ‘காது’விடம். ஓய்வுபெற்று ஆறு வருடமாகியும் துறையில் அவருக்கு அந்தப் பட்டப்பெயர்தான். பறக்கிற விமானத்தில் ஒரு கரண்டி விழுந்தால் எந்த வரிசை, எந்தக் கடையில் வாங்கியது, வாங்கும்போது பேரம் பேசினார்களா என்பதுவரை சத்தத்தை வைத்தே சொல்லிவிடுவாராம். அந்தப் பேச்சைக் கிளப்பிவிட்டவரும் அவரேதான். அதை நம்பித்தான், நூற்று நாற்பத்திரண்டு பேரோடு கடலில் விழுந்த விமானத்தின் விசாரணைக்கு, தலைமை விசாரணை அதிகாரி அவரை வரவழைத்திருந்தார்.

இந்த அறைக்குள் வருமுன் ஒரு படிவம் உண்டு. ‘விமானத்தில் இருந்தவர்களுடன் உறவு உள்ளதா?’ உள்ளது என்றால் வாசலோடு சரி. ‘இல்லை’ என்று எழுதினார். துணை விமானியின் பெயருக்குப் பின்னால் அவள் கணவனின் பெயர் இருந்ததால் யாருக்கும் தெரியவில்லை. மகளின் கடைசிக் குரலை எவனோ ஒருவன் கேட்டு எழுதுவதா?

அது பாதி உண்மை. மீதி, அன்று விமானம் கிளம்புமுன் வந்த போன்.

“அப்பா, வால் பக்கம் முனகுற மாதிரி ஒரு சத்தம். பழுதுப் புத்தகத்துல எழுதட்டுமா? எழுதினா விமானத்தை நிறுத்திடுவாங்க.”

“விமானம்னா நாலு சத்தம் போடும்டா கண்ணு. உங்கம்மா போடாத சத்தமா? இறங்கினதும் எழுதிக்கலாம்.”

அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். எழுதவில்லை.

நான்கு நாட்களாக அந்த முனகலைக் கேட்கிறார். நான்கு நாட்களாக அதற்கு நேரே ‘அடையாளம் தெரியாத ஒலி’ என்றே எழுதுகிறார்.

தலைமை அதிகாரி எழுந்தார். “அமைச்சர் லைன்ல இருக்கார் சார். ஒருத்தரைத் தனியா விடக் கூடாது, தெரியும். ரெண்டே நிமிஷம்.”

“போங்கம்மா. கறுப்புப் பெட்டியை மென்னு முழுங்கிடவா போறேன்?”

கதவு சாத்திக்கொண்டது. பஞ்சு வைத்துத் தைத்த சுவர்கள் வெளியுலகத்தை மொத்தமாக விழுங்கிக்கொள்ள, ஏசியின் ரீங்காரமும் ஹெட்போனுக்குள் தன் ரத்தம் ஓடுகிற ஓசையும் மட்டும் மிஞ்சிய அந்தப் பட்டப்பகலில், அவர் கடைசி நிமிடத்தை மறுபடி ஓடவிட்டார். முனகல். அபாய மணி. மகள் மூச்சை இழுத்துப் பிடிக்கும் சத்தம். சின்ன வயதில் ஊசி போடும்போதும் அப்படித்தான் பிடிப்பாள்.

பதினொன்று. பதினான்கு.

நிற்கவில்லை.

இருபது. ரீங்காரம் கேட்டது. விமானத்தின் ரீங்காரம் இல்லை. இந்த ஏசி. ஒரு நாற்காலி கிறீச்சிட்டது. அவருடையது. யாரோ தொண்டையைச் செருமினார்கள். அவரேதான்.

அவர் ஹெட்போனைக் கழற்றினார். சத்தம் குறையவில்லை.

மண்ணெண்ணெய் மாதிரி வாடை. விமான எரிபொருள். கூடவே உப்பு.

எதிரே, மூன்று பேருக்குப் போக மிஞ்சிக் கிடந்த நான்காவது ஹெட்போன். அது மெல்ல எழுந்தது. இரண்டு பக்கமும் விரிந்தது. ஒரு தலையின் அகலத்துக்கு. அப்படியே நின்றது, அவள் உட்கார்ந்தால் வரும் உயரத்தில்.

“கண்ணு...”

மேசையில் நீர் சொட்டியது. அவர் விரல்களிலிருந்து பேனா இழுபட்டது. முரட்டுத்தனமாக இல்லை, செல்லமாக.

“அப்பா, இறங்கிட்டேன். எழுதட்டுமா?”

‘அடையாளம் தெரியாத ஒலி’ என்ற அவருடைய கையெழுத்தின் மேல், ஈரமாக, ஒரு கோடு விழத் தொடங்கியது.