கரிடோவாவில் கணக்கெடுப்பு

மலையேறும்போதே கிளேயாந்திஸுக்குச் சந்தேகம்தான். கரிடோவாக்காரர்கள் ஏமாற்றப் போகிறார்கள்.

அடிவாரத்துப் பள்ளியில் ஆசிரியர் அவர். மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அந்த ஊர் அவர் தலையில் விழுந்திருந்தது. பனிக்காலத்தில் எல்லாரும் வீட்டைப் பூட்டிக்கொண்டு ஏதென்ஸுக்குப் போய்விடுவார்கள், அங்கே ஒரு ஈ காக்கை இருக்காது. ஆள் குறைந்தால் பக்கத்து ஊரோடு சேர்த்துவிடுவார்கள், பெயரே அழிந்துவிடும். அதனால் ஊர்த்தலைவர் அர்கிரிஸ் ஏதென்ஸிலிருந்து பேருந்து பிடித்து ஆட்களைக் கொண்டுவருவதாகக் கேள்வி.

"பார்த்து எண்ணுங்க வாத்தியாரே, அந்த ஊர்ல ஆட்டுக்கும் ஓட்டு உண்டு" என்று காபிக்கடைக்காரர் சிரித்திருந்தார்.

ஒற்றையடிப் பாதை மூடுபனிக்குள் முடிந்தது. ஊர் தெரிந்தது. எல்லா வீடும் திறந்திருந்தது.

உள்ளே ஆட்கள் இருந்தார்கள். ஒரு வீடு விடாமல். பெரியவர்களும் கைக்குழந்தைக்காரிகளும் சுவரோரமாக உட்கார்ந்திருந்தார்கள். பெயர் கேட்டால் உடனே சொன்னார்கள். எந்த அடுப்பிலும் நெருப்பில்லை. ஆனால் எங்கும் கரிந்த வாடை.

"குளிரலையா தாத்தா?"

"பழகிப்போச்சு."

"ஏதென்ஸ்ல எந்தப் பக்கம் இருக்கீங்க?" என்று மடக்கினார்.

"நாங்க எங்கயும் போகலையேப்பா."

நன்றாகத்தான் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டார்.

கடைசி வீட்டு வாசலில் ஒரு சிறுமி வெறுங்காலோடு நின்றாள். பெயர் லாம்ப்ரோ என்றாள்.

"அக்கா போலிக்சேனி ஆட்டைத் தேடிப் போயிருக்கு. அவ பேரையும் எழுதிக்கோங்க மாமா."

"ஆளைப் பார்க்காம எழுதக் கூடாதும்மா."

பேசும்போது அவர் வாயிலிருந்து வெண்மையாக ஆவி வந்தது.

அவள் வாயிலிருந்து வரவில்லை.

கிளேயாந்திஸ் திரும்பிப் பார்க்கவில்லை. ஏறி வந்த ஒற்றையடிப் பாதையை விட்டு, தார்ச்சாலை வழியாக ஓட்டமும் நடையுமாக இறங்கினார். வளைவில் ஒரு பேருந்து பனியில் புதைந்து நின்றது. அர்கிரிஸ் மண்வெட்டியோடு நிமிர்ந்தார்.

"வந்துட்டீங்களா வாத்தியாரே! காலைலேர்ந்து இங்கயே மாட்டிக்கிட்டோம். கொஞ்சம் பொறுங்க, ஊரே இந்த வண்டிலதான் இருக்கு."

"அப்ப மேல இருக்கறவங்க யாரு?"

"மேல யாரு இருக்கா? சாவியெல்லாம் எங்ககிட்டல்ல இருக்கு!"

கிளேயாந்திஸ் பார்த்ததையெல்லாம் சொன்னார். யாரும் சிரிக்கவில்லை. லாம்ப்ரோ என்ற பெயரைக் கேட்டதும், கறுப்புத் துணியால் தலை மூடிய ஒரு கிழவி பேருந்திலிருந்து இறங்கினாள்.

"நான்தான் போலிக்சேனி" என்றாள். "சின்ன வயசுல, சண்டைக் காலத்துல ஒருநாள் ஆட்டைத் தேடிப் போனேன். திரும்பி வரும்போது பட்டாளத்துக்காரனுங்க ஊரையே கொளுத்திட்டிருந்தானுங்க. என் தங்கச்சி உள்ள இருந்தா."

அவள் மேலே நடக்கத் தொடங்கினாள். கிளேயாந்திஸும் அர்கிரிஸும் பின்னாலேயே போனார்கள்.

இப்போது எல்லாக் கதவுகளும் மூடியிருந்தன. பூட்டுகளில் துரு. போலிக்சேனி தன் வீட்டைத் திறந்து, உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

உள்ளே யாரோ மெதுவாகப் பேசினார்கள்.

"அத்தை, யாரு கூடப் பேசறீங்க?" அர்கிரிஸ் கதவைத் தட்டினார்.

பேச்சு நின்றது. வெகுநேரம் கழித்து அவள் வெளியே வந்து கதவைப் பூட்டினாள். கண்கள் சிவந்திருந்தன. ஆனால் முகத்தில் ஏதோ ஒரு நிம்மதி.

"உள்ள யாரும் இல்ல. வாங்க போகலாம்."

கிளேயாந்திஸ் நம்பவில்லை. இறங்கும் வழியெல்லாம் அவளுடைய வலது கை உடம்பிலிருந்து சற்று விலகி, தாழ்ந்து, எதையோ பிடித்தபடி மூடியே இருந்தது. சறுக்கலான இடங்களில் அவள் நின்று காத்திருந்தாள்.

அதன்பிறகு மேலே போக யாருக்கும் துணிவில்லை. ஊரின் பெயர் போனால் போகட்டும் என்று அர்கிரிஸே சொல்லிவிட்டார். பேருந்தைத் தள்ளித் திருப்பினார்கள். அர்கிரிஸின் மனைவி, போலிக்சேனியின் பக்கத்தில் காலியாயிருந்த ஜன்னல் இருக்கையில் உட்காரப் போனாள்.

போலிக்சேனி கையை நீட்டித் தடுத்தாள்.

"இங்க ஆள் இருக்கு."