தொண்ணூற்றாறு மார்க் எடுத்த பிணம்

இன்ஸ்பெக்டரின் செல்போன் அலறியது.

"சார்... என் பேஷன்ட்டைக் கொன்னுட்டாங்க!"

பேசியவள் மனநல ஆலோசகி. ஆன்லைனில் மட்டும் ஆட்களைப் பார்ப்பவள்.

"பிணம் எங்கேம்மா இருக்கு?"

"தெரியல சார். ஆனா தினமும் கேம் ஆடுது!"

இன்ஸ்பெக்டர் குடித்துக்கொண்டிருந்த டீ பாதி மீசைக்குப் போயிற்று.

அவள் மூச்சு வாங்க விஷயத்தைக் கொட்டினாள். ஆள் ஒரு கிரேன் டிரைவர். ஒருநாள் உச்சியில் போய் உறைந்துவிட்டான். கை கால் ஓடவில்லை. கம்பெனி வீட்டுக்கு அனுப்பிவிட்டது. தொண்ணூறு நாள் மனநலத் திட்டம்! தூக்கம், கோபம், மனநிலை... எல்லாவற்றையும் தினமும் ஆப்பில் பதிய வேண்டும். கூடவே மூளைப் பயிற்சி விளையாட்டுகள். தேறினால்தான் மறுபடி வேலை.

"மூணு வாரமா ஞாபக சக்தியில பன்னெண்டு மார்க் சார். செவ்வாய்க்கிழமையிலேர்ந்து தொண்ணூத்தாறு! கோபம் பூஜ்யம்! 'ம்', 'இல்ல'ன்னு மட்டும் எழுதற மனுஷன், 'மனம் தெளிந்த நீரோடை'ன்னு எழுதியிருக்கார். இது அவர் இல்ல சார்!"

ஜீப் பறந்தது!

கதவைத் திறந்தவள் டிரைவரின் மனைவி. கையில் அவனுடைய செல்போன். போலீஸைப் பார்த்ததும் முகம் வெளிறியது.

"புருஷன் எங்கே?"

"வெ... வெளியே..."

"பூமிக்கு வெளியேயா?"

தொம்!

ஸ்டோர் ரூமுக்குள்ளிருந்து சத்தம். உள்தாழ்ப்பாள் போட்டிருந்தது. கான்ஸ்டபிள் ஒரே உதை... கதவு விழுந்தது!

உள்ளே, ஏணியின் மூன்றாவது படியில், கண்ணை இறுக மூடிக்கொண்டு, அலமாரியைக் கட்டிப்பிடித்தபடி வியர்வையில் குளித்து நின்றான் டிரைவர். கீழே ஒரு டப்பா உருண்டு கிடந்தது.

"யோவ், உயிரோடதான் இருக்கியா?"

"மூணாவது படி வரைக்கும் இருக்கேன் சார். நாலாவதுல போயிடும்."

மனைவி குபீரென்று அழுதாள்.

"உயரம்னா பயம் வந்துடுச்சு சார். அது தெளியணும்னு நாள் பூரா ஏணியும் கையுமா நிக்கறார். ஆப்புல ஒருநாள் பதியாம விட்டாலும் வேலை போயிடும்... அதான் நானே ஆடினேன்."

"சரி, அவர் மனசை நீ எப்படிம்மா எழுதின?"

"என் மனசைத்தான் எழுதினேன். செவ்வாய்க்கிழமையிலேர்ந்து கதவைச் சாத்திக்கிட்டு, ஒரு வார்த்தை என்னைத் திட்டாம இருந்தாரே!"

"அடிப்பாவி!" என்றது ஏணி.

இன்ஸ்பெக்டர் ஸ்பீக்கரில் ஆலோசகிக்குப் போன் போட்டார். அவள் கிரேன் கம்பெனி மேனேஜரையும் லைனில் இழுத்தாள்.

மேனேஜர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டுக் கனைத்தார்.

"செஞ்சது தப்புதான். ஆனா எங்க டிரைவருங்க ஒருத்தர்கூட அந்த மார்க் எடுத்ததில்ல. ஏம்மா... உனக்கு உயரம்னா பயமா?"

"எனக்கா? பதினெட்டு வருஷமா இவரோட குடும்பம் நடத்தறேன் சார்!"

"திங்கக்கிழமை டிரெயினிங்குக்கு வந்துடு."

டிரைவர் மெல்லக் கண்ணைத் திறந்தான். மூன்று... இரண்டு... ஒன்று... தரை!

"அப்ப நான் ஏற வேணாமா?"

"வேணாங்க. நான் மேலேர்ந்து பார்த்துக்கறேன்."

அவன் அப்படியே தரையில் உட்கார்ந்து, குழந்தை மாதிரி சிரித்தான்.

கான்ஸ்டபிள் தலையைச் சொறிந்தார். "கேஸை என்னன்னு எழுத சார்?"

"ஆள் மாறாட்டம்னு எழுதுய்யா. மாறின ஆளே தேவலைன்னு சேர்த்துக்க!"